கோஸ் அக்கா போட்ட உப்பு

கோஸ் அக்கா என்றால் அந்தக் கேன்டீனில் தெரியாதவர்கள் கிடையாது. நிஜப் பெயரைச் சொல்லிக் கேட்டால்தான் முழிப்பார்கள். நாலாயிரம் பேர் வேலை செய்கிற பெரிய அலுவலகம். கீழ்த்தளத்தில் கேன்டீன். அதன் பின்பக்கம் பச்சைக் காய்களுக்கென்று ஒரு குளிர் அறை. அந்த அறையில் பத்தொன்பது வருஷமாக நின்ற இடத்திலேயே நின்று முட்டைக்கோஸ் நறுக்கியவள் அவள்.

நடுவில் ஒரு மெஷின் வாங்கிப் போட்டார்கள். அது கோஸைக் கூழாக்கித் தள்ளியது. ஒரே மாதத்தில் மெஷின் மூலைக்குப் போனது, அக்காவின் கத்தி மேசைக்குத் திரும்பியது. அன்றிலிருந்து அவள் கொஞ்சம் தலைக்கனத்தோடுதான் நடந்தாள். நியாயமான தலைக்கனம்தான். அவள் நறுக்கினால் இழை இழையாக, நூல் பிரித்த மாதிரி விழும்.

புதன்கிழமை அவளுடைய நாள். அன்றைக்குப் பலகையில் ‘தென்மேற்கு ஸ்டைல் காரக் கோல்ஸ்லா’ என்று எழுதியிருப்பார்கள். எந்த ஊருக்குத் தென்மேற்கு என்று கேட்டால் எழுதியவருக்கே தெரியாது. கோஸ், கேரட், சுட்ட சோளம், வேகவைத்த கறுப்பு பீன்ஸ், கொத்தமல்லி, பச்சை மிளகாய். மேலே எலுமிச்சையும் சீரகத்தூளும் மிளகாய்த்தூளும் கலந்த மயோனைஸ். மற்ற நாட்களில் சாலட் பக்கம் தலைவைத்தும் படுக்காதவர்கள்கூடப் புதன்கிழமை தட்டோடு வந்து நிற்பார்கள். மேற்பார்வையாளர் தன் கரண்டியால் ஒரு வாய் எடுத்துப் பார்த்துவிட்டு, “கோஸ் அக்கா கையே கை” என்பார். அக்கா முகக்கவசத்துக்குள் சிரித்துக்கொள்வாள்.

அவள் அதை ஒருநாளும் வாயில் வைத்துப் பார்த்ததில்லை. குளிர் அறையில் கை வாய்க்குப் போகக் கூடாது, போனால் வேலை போகும். ருசி பார்ப்பது மேற்பார்வையாளரின் வேலை, அதற்குத்தான் அவருக்கு நீளக் கரண்டியும் அறைக்கு வெளியே ஒரு நாற்காலியும். அக்காவின் வேலை நறுக்குவது, உப்புப் பிசிறுவது. உப்பு பட்டால்தான் கோஸ் தன் தண்ணீரை விடும். பிசிறி முடித்ததும் தொட்டியை இடதுபக்கம் ஒரு தள்ளு தள்ளுவாள். இடதுபக்கம் நிற்பவள் அதை எடுத்துக்கொண்டு பின்னாலிருக்கும் குழாயடிக்குப் போவாள், பிழிந்து கொண்டுவருவாள், மசாலா மயோனைஸ் ஊற்றிக் கிளறுவாள்.

இடதுபக்கம் நின்றவள் அக்காவின் ஓரகத்தி, கொழுந்தனார் பெண்டாட்டி. ஒரே வீடு, ஒரே அடுப்பு. பதினொரு வருஷத்துக்கு முன்னால் அந்த வேலையை அவளுக்கு வாங்கிக் கொடுத்தவளும் அக்காதான். அதை வாரத்துக்கு ஒருதரமாவது ஞாபகப்படுத்திவிடுவாள். “பிழியறது ஒரு வேலையா? துணி துவைக்கத் தெரிஞ்சவ பிழிவா. நறுக்கிப் பாரு, அப்ப தெரியும்” என்பாள். சின்னவள் பதில் பேச மாட்டாள். வாய் இல்லாத பெண் என்று வீட்டில் அவளுக்குப் பெயர்.

மேற்பார்வையாளர் வேலையை விட்டுப் போகப்போகிறார் என்று தெரிந்த நாளிலிருந்து அக்காவுக்குத் தூக்கம் போயிற்று. அவளுக்கு வயது ஐம்பத்தொன்று. விரல் மூட்டெல்லாம் குளிரில் இறுகிப்போய், காலையில் சட்டைப் பொத்தான் போடவே பத்து நிமிஷம் ஆகிறது. குளிரில் நிற்பதை நிறுத்தாவிட்டால் கை விளங்காமல் போய்விடும் என்று டாக்டர் சொல்லியாகிவிட்டது. அவளுக்கு வேண்டியதெல்லாம் அந்த வெளி நாற்காலி. அது இப்போது கிடைக்காவிட்டால் இனி எப்போதும் கிடைக்காது. வேறு யாரும் பெயர் கொடுக்கவில்லை. கோஸ் அக்கா இருக்கும்போது யார் கொடுப்பார்கள்?

ஆனால் புதிதாக வந்த மேனேஜர் அம்மாள் கொஞ்சம் கறார்.

“ஒரே ஆள்தான் கேட்டிருக்காங்கன்னாலும் பாத்துட்டுதான் கொடுப்பேன்” என்றாள். “உங்க செக்‌ஷன்ல எது பேர் வாங்கினதோ அதையே செய்யுங்க. இங்க வேண்டாம், இங்க செஞ்சா நாலு பேர் கை படும். வீட்ல ஆரம்பத்துலேர்ந்து முடிவு வரைக்கும் தனியா செஞ்சு திங்கக்கிழமை கொண்டாங்க.”

“அதுக்கென்ன மேடம், கண்ணை மூடிக்கிட்டுச் செய்வேன்” என்றாள் அக்கா.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சமையலறையை விட்டு எல்லோரையும் துரத்தினாள். வீட்டில் அவள் கோஸ் வாங்குவதே கிடையாது, வாரம் ஆறு நாள் பார்க்கிற முகத்தை ஏழாம் நாளும் பார்க்க வேண்டுமா என்பாள். அன்றைக்கு இரண்டு பெரிய கோஸ் வாங்கி வந்திருந்தாள். நறுக்கினாள். விரல் வலித்தாலும் இழை பிசகவில்லை. கேன்டீனில் போடுகிற அதே கணக்கில் கைநிறைய உப்பை அள்ளிப் போட்டுப் பிசிறினாள். பிசிறி முடித்ததும் பாத்திரத்தை இடதுபக்கம் தள்ளினாள். அது சுவரில் போய் முட்டியது. தன்னை நினைத்துத் தானே சிரித்துக்கொண்டு சோளக்கதிரைச் சுட உட்கார்ந்தாள்.

கோஸ் தண்ணீர் விட்டிருந்தது. ஒரு வெள்ளைத் துணியில் கட்டி, மூட்டு வலியில் பல்லைக் கடித்துக்கொண்டு, சொட்டுத் தண்ணீர் இல்லாமல் பிழிந்தாள். அந்த நேரத்தில் சின்னவள் வாசலில் வந்து நின்றாள். துணியையும், தண்ணீர் படாமல் காய்ந்து கிடந்த கழுவுதொட்டியையும் பார்த்தாள்.

“அக்கா, அந்தக் கோஸை…”

“வெளியே போடி முதல்ல” என்றாள் அக்கா. “தனியா செய்யணும்னு சொல்லியிருக்காங்க. நீ வந்து நின்னேன்னா நாளைக்கு உன்னாலதான் வந்துச்சுன்னு ஊரே பேசும். பிழிய எனக்குத் தெரியும்.”

சின்னவள் ஒரு நிமிஷம் நின்றாள். பிறகு போய்விட்டாள்.

கலவை தயாரானதும் பார்க்க அழகாக இருந்தது. வெள்ளைக்கு நடுவே மஞ்சள், கறுப்பு, பச்சை. புருஷனைக் கூப்பிட்டு ஒரு வாய் சாப்பிட்டுச் சொல்லச் சொன்னாள். “பச்சைத் தழையைத் தின்ன நான் என்ன ஆடா?” என்று அவர் செய்தித்தாளை விட்டு நிமிரவில்லை. அவளாவது ஒரு விரல் தொட்டு நாக்கில் வைத்திருக்கலாம். தோன்றவே இல்லை. பத்தொன்பது வருஷப் பழக்கத்தில் அந்தக் கைக்கு வாய் இருக்கும் திசை மறந்துபோயிருந்தது. மூடி போட்டுக் குளிர்பெட்டியில் வைத்தாள்.

திங்கட்கிழமை பதினோரு மணிக்கு மேனேஜர் அறையில் டப்பாவைத் திறந்தாள். மேனேஜர் ஒரு கரண்டி எடுத்து வாயில் போட்டாள். மென்றாள். மெல்லுவது நின்றது. எழுந்து போய்க் குப்பைக்கூடையில் துப்பிவிட்டு, தண்ணீர் குடித்தாள். மறுபடி தண்ணீர் குடித்தாள்.

“இதை எத்தனை தடவை அலசினீங்க?”

“அலசறதா? நறுக்கறதுக்கு முன்னால கழுவினேன் மேடம்.”

“அது சரி. உப்புல ஊறின பிறகு?”

அக்கா முகத்தில் ஈயாடவில்லை. “பிழிஞ்சேன் மேடம். சொட்டுத் தண்ணியில்லாம பிழிஞ்சேன்.”

மேனேஜர் கோபப்படவில்லை. அதுதான் இன்னும் மோசம். குளிர் அறைக்கு ஆள் அனுப்பி, தினமும் பிழிகிறவளைக் கூப்பிட்டாள். சின்னவள் கையைத் துடைத்துக்கொண்டே வந்து நின்றாள். அக்கா பக்கம் பார்க்கவில்லை.

“நீங்க எப்படிம்மா செய்வீங்க?”

“ரெண்டு தடவை நல்ல தண்ணியில அலசுவேன் மேடம். சில நாள் மூணு தடவை. அப்புறம்தான் பிழிவேன்.”

“உப்பு போயிடுச்சுன்னு எப்படித் தெரியும்?”

சின்னவள் தயங்கினாள். “தப்புதான் மேடம். திரும்பி நின்னு ஒரு இழையை வாயில போட்டுப் பாத்துடுவேன். மயோனைஸும் அப்படித்தான். எலுமிச்சை ஒரு நாள் புளிக்கும், ஒரு நாள் கசக்கும். நாக்குல வைக்காம எப்படி மேடம் தெரியும்?”

அக்கா மனதுக்குள் கணக்குப் போட்டாள். பதினொரு வருஷம். ஒவ்வொரு புதன்கிழமையும் முகக்கவசத்துக்குள் அவள் சிரித்த சிரிப்பெல்லாம் இன்னொருத்தியின் சிரிப்பு. ஓடிப்போய் எங்காவது ஒளிந்துகொள்ளலாம் போலிருந்தது. ஆனால் மேனேஜர் உட்காரச் சொல்லியிருந்தாள், எழுந்திருக்கச் சொல்லவில்லை.

சாயங்காலத்துக்குள் முடிவு வந்துவிட்டது. கரண்டியும் நாற்காலியும் சின்னவளுக்கு. இனிமேல் ருசி பார்ப்பதே அவளுக்கு வேலை, திரும்பி நிற்கத் தேவையில்லை. அக்காவுக்குப் பழைய மேசை. “உங்க கத்தி இல்லாம செக்‌ஷன் ஓடாதும்மா” என்று மேனேஜர் ஆறுதலாகச் சொன்ன சொல் அவளுக்குத் தண்டனை படித்த மாதிரி கேட்டது.

வழக்கம்போல ஒரே பஸ், ஒரே சீட்டு. அக்கா ஜன்னலோரம், சின்னவள் பக்கத்தில். நாலு நிறுத்தம் தாண்டியது. அக்காவின் விரல்கள் மடியில் மடங்கிக் கிடந்தன, நீட்டினால் வலித்தது.

“நேத்து மத்தியானத்துலேர்ந்து வீட்லதானே இருந்தே” என்றாள் கடைசியில். “நான் துரத்தினேன், சரி. ராத்திரி சாப்பிடும்போது சொல்லியிருக்கலாம். காலையில பஸ்ல சொல்லியிருக்கலாம். டப்பாவை மடியில வெச்சுக்கிட்டுதானே உக்காந்திருந்தேன். வேணும்னுதானே விட்டே?”

சின்னவள் இல்லை என்று சொல்வாள் என்று எதிர்பார்த்தாள். அழுது மன்னிப்புக் கேட்பாள், அப்போது நாலு வார்த்தை திட்டலாம் என்றும் எதிர்பார்த்தாள்.

“ஆமாக்கா” என்றாள் சின்னவள். “வேணும்னுதான் விட்டேன். வாசல்லேர்ந்து திரும்பிப் போனப்பவே முடிவு பண்ணிட்டேன்.”

பஸ் ஒரு திருப்பத்தில் குலுங்கியது. இருவர் தோளும் இடித்துக்கொண்டன, விலகிக்கொண்டன.

“வேலைக்கு வந்த முதல் வாரமே உங்ககிட்ட வந்து சொன்னேன். உப்பு ரொம்ப ஜாஸ்தியா இருக்குக்கா, அலசி அலசிக் கை மரத்துப் போகுதுன்னு. ‘நேத்து வந்தவ எனக்கு உப்புப் போடக் கத்துத் தர்றா’ன்னு எல்லாரையும் கூப்பிட்டுச் சொல்லிச் சிரிச்சீங்க. உங்களுக்கு ஞாபகம்கூட இருக்காது.”

ஞாபகம் இல்லை. எவ்வளவு யோசித்தும் அப்படி ஒரு நாள் நினைவுக்கு வரவில்லை. அதுதான் அக்காவை உலுக்கியது. சின்னவள் தன் கைகளை நீட்டிக் காட்டவில்லை, ஆனால் பையைப் பிடித்திருந்த அந்த விரல்களை அக்கா அன்றுதான் பார்த்தாள். முட்டி முட்டியாக, தன் விரல்களைவிட மோசமாக வீங்கியிருந்தன.

இறங்க வேண்டிய இடம் வந்தது. சின்னவள் முதலில் எழுந்தாள். கம்பியைப் பிடித்துக்கொண்டு குனிந்து, கோபமில்லாத குரலில் சொன்னாள்.

“நாளையிலேர்ந்து உப்பைப் பாதியாக் குறைச்சுடுங்கக்கா. அவ்வளவு தேவையே இல்லை. எப்பவுமே தேவைப்படலை.”

“சரி” என்றாள் கோஸ் அக்கா.