மாமி பேசாமல் இருந்த காலம்

அப்துல் ஜலீலுக்கு மூன்று பெண்கள். கள்ளக்குறிச்சி கடைத்தெருவில் அவருக்கு ஸ்டீல் பாத்திரக் கடை. மூத்த இரண்டு பெண்கள் பேசாமல் விட்ட பேச்சையெல்லாம் மூன்றாவது பெண் அஸ்ரப் நிஷா சேர்த்துப் பேசினாள். அவளுக்கு வாயும் ஓயாது, காலும் ஓரிடத்தில் நிற்காது. சோற்றுத் தட்டோடு அடுப்படிக்கும் வாசலுக்கும் நடந்துகொண்டேதான் சாப்பிடுவாள். "உக்காந்து துன்னா ஒடம்புல ஒட்டாதாடி?" என்று அம்மா கேட்டால், "உக்காந்தா தூக்கம் வருது, தூங்கினா பேச முடியல" என்பாள். வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். பிழைத்தாள், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் எதை வைத்துப் பிழைத்தாளோ அதையே நடுவில் தொலைத்துவிட்டு அல்லாடவும் செய்தாள்.

அவர்கள் உறவு வட்டத்தில் கல்யாணத்துக்கு முன்னால் பெண்கள் மட்டும் கூடி நலங்கு வைப்பார்கள். மஞ்சளும் சந்தனமும் ஒரு பக்கம் நடக்கும். இன்னொரு பக்கம் பெண் வீட்டுக்கும் மாப்பிள்ளை வீட்டுக்கும் கேலிச் சண்டை நடக்கும். வீட்டிலிருந்தே யோசித்துக்கொண்டு வந்து பேசக் கூடாது. எதிரே இருப்பவள் சொன்னதிலிருந்துதான் எடுத்துப் பேச வேண்டும். பதில் இல்லாமல் எவள் விழிக்கிறாளோ அவள் ஜெயித்தவளுக்குச் சந்தனம் பூசிவிட வேண்டும். கோபித்துக்கொண்டு எழுந்து போனால் அடுத்த கல்யாணத்துக்கு யாரும் கூப்பிட மாட்டார்கள். இந்த விளையாட்டில் நிஷாவுக்குப் பெரிய கிராக்கி. தூரத்துச் சொந்தக்காரர்கள்கூட, "பாய், உங்க சின்னப் பொண்ண மறக்காம அனுப்பி வையுங்க" என்று கடை வாசலில் வந்து சொல்லிவிட்டுப் போவார்கள்.

மலைக்கோட்டை உள்ள தியாகதுருகத்தில் ஒரு கல்யாணம். நிஷா பெண் வீட்டுப் பக்கம். மாப்பிள்ளை வீட்டுப் பக்கம் முன்னால் உட்கார்ந்திருந்தவர் ரசூல் பீவி; கள்ளக்குறிச்சியிலேயே மளிகைக் கடை வைத்திருக்கும் குடும்பம். ஆள் ஒல்லி, குரல் கனம்.

"இன்னா மாமி, சீர்த்தட்டுல ஒரு சீப்பு பழம் கொறையுதே, வர்ற வழியில பசியா?" என்று நிஷா ஆரம்பித்தாள்.

"கொரங்குக்குக் குடுத்தேம்மா. கோட்டையிலேர்ந்து எறங்கி வந்துச்சு. உங்க வூட்டு ஆளோன்னு நெனைச்சி மரியாதையா குடுத்தேன்."

"வாங்கிக்கினு உங்களை சம்மந்தின்னு கூப்பிட்டிருக்குமே?"

"கூப்டுச்சே. அதான் இங்க வந்து உக்காந்துக்கினு இருக்கேன்."

கூடம் அதிர்ந்தது. நிஷா வாயைத் திறந்தாள், ஒன்றும் வரவில்லை. வாழ்க்கையில் முதல் தடவையாக அடுத்தவர் கையில் சந்தனம் பூசினாள். அதே மாதம் ரசூல் பீவி பெண் கேட்டு வந்துவிட்டார். "இந்த வாய வெளியூருல குடுத்தா வீணாப் போயிடும். எங்க வூட்லயே இருக்கட்டும்" என்றார். மாப்பிள்ளை, அவர் மகன் மஜீத், பேசாத பிறவி. அந்த இரண்டு பெண்களுக்கும் நடுவில் இத்தனை வருஷம் குடித்தனம் நடத்தியதற்கே அவனுக்குச் சொர்க்கத்தில் இடம் உண்டு.

வீட்டில் தினமும் நலங்குதான். காலையில் பால் பொங்குவதில் தொடங்கும் சண்டை, ராத்திரி கதவைத் தாழ் போடுவது யார் என்பதில் முடியும். வெற்றி தோல்வி மாறி மாறி வரும். உண்மையைச் சொன்னால் மாமிக்குத்தான் ஜாஸ்தி.

இரண்டாயிரமாம் வருஷத்துக்குப் பிறகு ஒரு டிவி சேனல்காரர்கள் பெண்களுக்குப் போட்டி வைத்துப் படம் பிடிக்கக் கள்ளக்குறிச்சிக் கல்யாண மண்டபம் ஒன்றுக்கு வந்தார்கள். "உங்க மாமியார் எப்படி?" என்று மைக்கை நீட்டினார்கள். "ரொம்ப நல்லவங்க, நான் வூட்ல இல்லாதப்ப" என்று நிஷா தொடங்கி நிறுத்தவே இல்லை. டைரக்டர் அரங்கநாதன் கேமராவை அணைக்க மறந்து நின்றார். வாரம் ஒரு தடவை வரும் நகைச்சுவைத் தொடருக்கு வசனம் எழுத ஆள் தேடிக்கொண்டிருந்தவர், அங்கேயே இவளைப் பிடித்துக்கொண்டார். தொடருக்கு 'வாய் இருந்தா வா' என்று பெயர். மாமியாரும் மருமகளும் முட்டிக்கொள்ளும் கதை.

வசனம் எழுதுவது என்றால் மேஜையில் உட்கார்ந்து எழுதுவது என்றுதானே நாம் நினைப்போம்? நிஷாவுக்கு அது ஆகவில்லை. பேனாவைப் பிடித்து உட்கார்ந்தால் பேனாவுக்கும் தூக்கம் வந்தது. அதனால் அவள் ஒரு வழி கண்டுபிடித்தாள். வசனம் வேண்டிய அன்று குழம்பில் வேண்டுமென்றே உப்பைக் கூட்டுவாள். மாமி ஒரு வாய் வைப்பார். "ஏண்டி, குழம்பு வெச்சியா, கடல அடுப்புல ஏத்துனியா? மீனு தானா வந்து உழுமேன்னு பாக்குறியா?" என்பார். நிஷா ஒரு பதில் போடுவாள், மாமி அதற்கு மேல் ஒன்று போடுவார். நிஷா அடுப்படிக்கு ஓடி, மளிகைப் பொட்டலக் காகிதத்தில் அவசரமாகக் கிறுக்கிக்கொண்டு திரும்பி வருவாள். அடுத்த வாரம் அது டிவியில் வரும். சென்னைக்கும் கள்ளக்குறிச்சிக்கும் பஸ்ஸில் அலைந்தாள். தெருவே ஞாயிற்றுக்கிழமை ரசூல் பீவி வீட்டில் கூடியது. மாமியும் பார்த்தார், சிரித்தார். "இப்பிடி ஒரு வாய்த்துடுக்கு மாமியார நான் கண்டதே இல்ல" என்று அடுத்த வீட்டு நூர்ஜகானிடம் சொல்லவும் செய்தார். மாமிக்கு விஷயம் தெரியாது என்று நிஷா நிம்மதியாக இருந்தாள்.

தொடர் நன்றாக ஓடவே சிறப்பு நிகழ்ச்சி ஒன்று போட்டார்கள். கதையில் மாமியார் தோற்று, மருமகள் முன் கையைக் கூப்பி, "நீதாம்மா இந்த வீட்டுக்கு ராணி" என்று அழ வேண்டும். அரங்கநாதன் கேட்டார், நிஷா எழுதிக் கொடுத்தாள். அந்த ஞாயிறு அந்தக் காட்சி வந்ததும் ரசூல் பீவி எழுந்து உள்ளே போனார்.

அதோடு மாமி வாயை மூடிவிட்டார்.

ஒரேயடியாக மௌன விரதம் இல்லை. "டீ வேணுமா மாமி?" என்றால் "ம்." "கடைக்கு சொல்லி வுடணுமா?" என்றால் "வேணா." அவ்வளவுதான். முதலில் ஒரு நாள் கோபம் என்று நினைத்தாள் நிஷா. வாரம் போனது, மாதம் போனது. தெருவில் எல்லோரும் சிரித்ததால் மானம் போய்விட்டதாக நினைக்கிறார் போலும் என்று நூர்ஜகான் சொன்னாள். நிஷா மன்னிப்புக் கேட்டாள். புதுப் புடவை வாங்கி வந்தாள்; மாமி கட்டிக்கொண்டார், பேசவில்லை. வீட்டின் அமைதி அவளைத் தின்றது. அடுப்படிக்கும் வாசலுக்கும் நடந்தாள், மாடிக்கும் கீழுக்கும் நடந்தாள். காகிதத்தில் மாமியார் என்று எழுதிக் கோடு போட்டால், அதற்கு அப்புறம் ஒன்றும் வரவில்லை.

"பழைய காரம் இல்லியே மேடம். இப்பிடியே போனா நிறுத்தச் சொல்லிடுவாங்க" என்றார் அரங்கநாதன் போனில்.

கடைசியில் ஒருநாள் குழம்பில் ஒரு கை உப்பை அள்ளிப் போட்டாள். மாமி பிசைந்தார், வாயில் வைத்தார். நிஷா பக்கத்திலேயே நின்று பார்த்தாள். மாமி தட்டிலிருந்த அவ்வளவு சோற்றையும் தின்று முடித்து, தண்ணீர் குடித்து, தட்டைக் கழுவி வைத்துவிட்டுப் போனார். அன்றைக்கு நிஷா அடுப்படியில் நின்று அழுதாள். தொடர் போகட்டும், இந்த மனுஷி திரும்பத் திட்டினால் போதும் என்று இருந்தது.

அந்தச் சமயத்தில்தான் வெள்ளிமலையில் கோடை விழாவுக்கு அவளை அரைமணி நேரம் பேசக் கூப்பிட்டார்கள். சர்க்கரைக்கு மலைச் சாமை நல்லது, அதைப் பார்த்து வாங்க வேண்டும் என்று மஜீத்திடம் சொல்லிவிட்டு மாமியும் பஸ் ஏறினார். மலைப் பாதையின் அத்தனை வளைவிலும் இருவரும் பக்கத்தில் உட்கார்ந்தே போனார்கள், பேசாமல்.

மேடையில் நிஷா டிவியில் வந்த வசனங்களையே எடுத்து விட்டாள். ஜனங்கள் மரியாதைக்குச் சிரித்தார்கள். மேடைக்குப் பக்கத்தில் சாமையும் கடுக்காயும் கொட்டி வைத்து உட்கார்ந்திருந்த இருசம்மாள் என்கிற அம்மாள் மட்டும் கன்னத்தில் கை வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இன்னாக்கா, உனக்கு சிரிப்பே வரலியா?" என்று நிஷா வம்புக்கு இழுத்தாள்.

"வருது, வருது. பஸ்ஸு மாரி. வழியில கரியாலூர்ல நிக்குதாம்."

கூட்டம் கொல்லென்று சிரித்தது. நிஷா மேடையின் ஓரத்துக்கே வந்துவிட்டாள்.

"லேட்டானாலும் பஸ்ஸு வந்துடும் இல்ல?"

"வரும். ஆனா நிக்காது. கைய நீட்டுனா ஸ்பெசலுன்னு போர்டக் காட்டிட்டுப் போயிடுவான். நீயும் அந்த பஸ்ஸுதானே? டிவியிலேர்ந்து வந்த, அரை மணி நேரத்துல எறங்கிப் போயிடுவ. எங்களுக்கு எங்க நிக்கப் போற?"

நிஷா வாயைத் திறந்தாள். பதில் இல்லை. நிஜமாகவே இல்லை. கூட்டம் கைதட்டி ஆர்ப்பரித்தது. அவளும் மேடையிலேயே குந்தி உட்கார்ந்து, கண்ணில் நீர் வரச் சிரித்தாள். தோற்றதில் இவ்வளவு சுகம் இருப்பதை அவள் மறந்தே போயிருந்தாள். முன்வரிசையில் மாமி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்குவது தெரிந்தது.

திரும்பும்போது பஸ் இரண்டு வளைவு இறங்கியிருக்கும்.

"இன்னாடி, அந்தப் பொம்பள கிட்ட வாயடைச்சிப் போயி நின்ன?"

நிஷாவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. "பதில் வரல மாமி."

"வராம நின்னப்பதான் நல்லா இருந்த." ரசூல் பீவி ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு பேசினார். "நான்தான் உன் டிவி மாமியாருன்னு எனக்கு மொத வாரமே தெரியும். நான் பேசுனது எனக்குத் தெரியாதா? தெருவே சிரிச்சுது. சந்தோசமாத்தான் இருந்துச்சு."

"அப்புறம் ஏன் மாமி இப்பிடி..."

"வூட்ல நாலு சண்டைன்னா மூணு நான் ஜெயிப்பேன். டிவில ஒரு தபாவாவது ஜெயிச்சேனா? நான் சொன்ன நல்ல பேச்செல்லாம் எடுத்து மருமவ வாயில வெச்சிட்ட. என்னைய பேந்தப் பேந்த முழிக்க வெச்ச. சரி, ஒழியட்டும்னு வுட்டேன். கடைசில கையக் கூப்ப வெச்சிட்டியே. நான் எந்தச் சண்டையிலடி கையக் கூப்புனேன்?"

நிஷாவுக்கு அப்போதுதான் உறைத்தது. நலங்கில் எதிராளி எதிரே இருப்பாள், ஏமாற்ற முடியாது. காகிதத்தில் தட்டிக் கேட்க ஆள் இல்லை. இல்லாத ஆளிடம் வாரா வாரம் ஜெயித்துவிட்டுத் தன்னைப் பெரிய கெட்டிக்காரி என்று நினைத்துக்கொண்டிருந்தாள். அவமானமாக இருந்தது. மாமியின் கையைப் பிடித்துக்கொண்டாள், மாமி இழுத்துக்கொள்ளவில்லை.

அந்த வாரம் அவள் எழுதியதில் மாமியார் ஜெயித்தார். "மாமியார் ஜெயிச்சா யாரு மேடம் பாப்பாங்க?" என்றார் அரங்கநாதன். "பாப்பாங்க சார், நம்பி எடுங்க" என்று கெஞ்சினாள். சரி என்றுதான் சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை தெரு கூடியது. பாதிக் காட்சி வரை எல்லாம் அவள் எழுதியபடியே வந்தது. பிறகு மருமகள் ஒரு வார்த்தை சொன்னாள். மாமியார் தலையைக் குனிந்து வாயை மூடிக்கொண்டார். அரங்கநாதன் மாற்றிவிட்டிருந்தார். இனி மாமி எழுந்து உள்ளே போவார், திரும்பவும் "ம்", "வேணா" என்றுதான் வீடு கிடக்கும் என்று பயந்து, நிஷா சுவரோரம் அப்படியே நின்றாள்.

மாமி எழுந்திருக்கவில்லை. திரும்பி அவளைப் பார்த்தார்.

"இது நீ எழுதுனது இல்ல."

"எப்பிடி மாமி தெரியும்?"

"நீ எழுதியிருந்தா நான் இத்தினி சீக்கிரம் வாய மூடியிருக்க மாட்டேன்."

நிஷாவுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. "அழுவறத அப்புறம் வெச்சிக்கோ. நீ இன்னா எழுதுனன்னு சொல்லு" என்றார் மாமி. டிவியை அணைத்துவிட்டு, கூடி இருந்தவர்கள் நடுவில் நின்று, மருமகள் பேசுவதையும் மாமியார் பேசுவதையும் நிஷாவே சொல்லிக்காட்டத் தொடங்கினாள். மாமியாரின் இரண்டாவது வசனத்திலேயே ரசூல் பீவி குறுக்கிட்டார்.

"நான் அப்பிடி சொல்ல மாட்டேன்டி. தள்ளு, நானே சொல்றேன்."