கட்டில் கிடக்கும் அறை

என் அக்காவின் கணவர் கோர்ட்டில் அமீனா. தீர்ப்பு எழுதுவது நீதிபதி. அந்தத் தீர்ப்பைத் தூக்கிக்கொண்டு போய் வீட்டு வாசலில் நின்று வசவு வாங்குவது இவர். நான் பூட்டு ரிப்பேர்காரன். பூட்டை உடைக்க உத்தரவு இருக்கும் நாட்களில் என்னையும் இழுத்துக்கொண்டு போவார். அக்காவைக் கட்டிக் கொடுத்ததற்கு எங்கள் குடும்பம் கண்ட பலன் அது ஒன்றுதான்.

ஊரில் அவருக்குப் பெயர் சட்டிபானை. அடுத்தவர் சட்டிபானையைத் தெருவில் எடுத்து வைப்பவர் என்று அர்த்தம். கொசுவை அடிப்பதற்குக்கூட இரண்டு முறை யோசிக்கிற மனிதருக்கு இப்படி ஒரு பெயர். எந்த வீட்டுக்குப் போனாலும் முதலில் குடிக்கத் தண்ணீர் கேட்பார். தண்ணீர் கொடுத்த கை அடிக்காது என்பது அவருடைய நம்பிக்கை. ஒரு வீட்டில் தண்ணீரைச் சொம்போடு முகத்தில் எறிந்தார்கள். துடைத்துக்கொண்டே, "கேட்டதும் குடுத்தாங்கல்ல மாப்ளே" என்றார். இந்த ஆளை வைத்துக்கொண்டு என் அக்கா எப்படித்தான் காலம் தள்ளினாளோ.

யாரையும் வெளியே தள்ளாமல், ஒருத்தியை உள்ளே குடிவைக்கச் சொல்லி அவர் கைக்கு வந்த டிக்ரி ஒன்று உண்டு. மரக்கடைக்காரர் வீட்டு வழக்கு.

மரக்கடைக்காரர் கடைசிக் காலம் முழுவதும் முன்னறையில் தேக்குக் கட்டிலில் படுத்தே கிடந்தார். பார்த்துக்கொண்டவள் மூத்த பிள்ளையான ஒரே மகள். அவளைப் பெண் பார்க்க வந்தவர்களெல்லாம் அப்பாவின் இருமலைக் கேட்டே ஓடினார்கள். மனிதர் நன்றி மறக்கவில்லை. படுத்தபடியே உயில் எழுதினார். "என் கட்டில் கிடக்கும் அறை என் மகளுக்கு. மீதி வீடு மகன்கள் இருவருக்கும் சரிபாதி." கட்டிலை நகர்த்த முடியும் என்று அவருக்குத் தோன்றவில்லை. பல வருடம் அதிலிருந்து நகராதவருக்கு எப்படித் தோன்றும்?

அவரை அடக்கம் செய்துவிட்டு வந்த கையோடு கட்டில் நகர ஆரம்பித்தது. இடப்பக்க அறைகள் பெரியவனுக்கு, வலப்பக்க அறைகள் சின்னவனுக்கு. கட்டில் யார் பக்கம் கிடக்கிறதோ அவனுக்கு ஓர் அறை நஷ்டம். ஆகவே பெரியவன் வலப்பக்கம் தள்ளுவான், அவன் வெளியே போனதும் சின்னவன் இடப்பக்கம் தள்ளுவான். மூத்தவள் சமையலறை வழியில் பாய் போட்டுப் படுத்தாள். தண்ணீர் குடிக்க யார் போனாலும் அவள் எழுந்து வழிவிட வேண்டும்.

வழக்கு நடந்து, உயிலில் இருந்த அதே வாக்கியத்தோடு டிக்ரி வந்தது. நாங்கள் போனபோது கட்டில் குளியலறையில் இருந்தது. தம்பிகள் இருவரும் அதுவரை வாழ்க்கையில் ஒத்துப்போனது அந்த ஒரு விஷயத்தில்தான்.

"குளிக்க வர்றவங்களுக்கெல்லாம் நான் கதவு திறந்து விடணுமா?" என்று கேட்டாள் மூத்தவள். மாமா வாரண்டை நிறைவேற்றாமல் திருப்பிக்கொண்டு வந்துவிட்டார். நீதிபதியோ, டிக்ரியில் ஓர் எழுத்தைக் கூட்டவோ குறைக்கவோ தனக்கு அதிகாரமில்லை, நிறைவேற்றும் நாளில் கட்டில் எங்கே கிடக்கிறதோ அந்த அறைதான் என்று சொல்லிவிட்டார்.

அன்றைக்கு மாமா சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார். "அந்தம்மாவுக்கு அரண்மனையா வேணும்? சாத்திக்கிறதுக்கு ஒரு கதவு வேணும் மாப்ளே. அதைக்கூட வாங்கிக் குடுக்க முடியலன்னா நான் என்னத்துக்கு அமீனா?"

மறுமுறை போனபோது வீட்டில் கட்டிலே இல்லை. பெரியவன் ஒரு வக்கீலோடு வாசலில் சிரித்துக்கொண்டு நின்றான்.

"பிரிச்சாச்சு சார். கட்டிலே இல்லன்னா அறை எங்கேருந்து வரும்?"

மாமா தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தார். "பிரிச்ச கட்டில் எங்க?"

"பத்திரமா இருக்கு" என்றான் சின்னவன். பெருமை வேறு.

எப்படிப் பத்திரம் என்பதைக் கேளுங்கள். துண்டுகள் மொத்தமும் ஒருவனிடம் இருந்தால், மற்றவன் எதிர்ப்பக்கத்தில் திருட்டுத்தனமாக மாட்டிவிடுவான் என்ற பயம் இருவருக்கும். அதனால் ஆளுக்குப் பாதி எடுத்துக்கொண்டார்கள். எடுத்த பாதியையும் ஒரே இடத்தில் வைக்கப் பயந்து, அறைக்கு ஒரு துண்டாக ஒளித்துப் பூட்டிவிட்டார்கள். அண்ணன் தம்பி ஒற்றுமைக்கு இதைவிட என்ன வேண்டும்?

உத்தரவுப்படி நான் ஒவ்வொரு பூட்டாகத் திறந்தேன். முதல் அறையில் பீரோவுக்குப் பின்னால் ஒரு கால். மாமா எழுதிக்கொண்டார்: இந்த அறையில் கட்டில் கிடக்கிறது. அடுத்த அறையில் தலைமாட்டுப் பலகை. இந்த அறையிலும் கட்டில் கிடக்கிறது.

"சார், அது வெறும் கால்" என்றான் பெரியவன்.

"கட்டில் கால்தானே?"

வக்கீல் குறுக்கே வந்தார். "கட்டில்னா முழுசா இருக்கணும் சார்."

"முழுசான்னு டிக்ரியில இல்லீங்க. ஒரு எழுத்து கூட்ட ஜட்ஜுக்கே அதிகாரமில்லயாம். நான் எம்மாத்திரம்?"

கடைசி அறையைப் பார்த்து முடித்தபோது வீடு மொத்தமும் மூத்தவளுக்குப் போயிருந்தது. வேலியில் போன ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொண்டவர்களின் முகத்தை நான் அன்றுதான் நேரில் பார்த்தேன். எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது, பொய் சொல்வானேன்.

"அண்ணி, நாங்க எங்க போறது?" என்றாள் சின்னவன் மனைவி. அத்தனை வருடமாக அவள் வாயில் வராத அண்ணி.

மூத்தவள் மாமாவைப் பார்த்தாள். "எனக்கு ஒரு ரூம் போதுங்க."

"அப்ப உங்களுக்குப் பிடிச்ச ரூம்ல கட்டில மாட்டச் சொல்லுங்கம்மா. நான் எழுதி முடிக்கிறதுக்குள்ள மாட்டிட்டா, அங்க மட்டும் கிடக்குதுன்னு திருத்திக்கிறேன். எனக்குக் கொஞ்சம் கை வலி, மெதுவாத்தான் எழுதுவேன்."

அவள் முன்னறையைக் காட்டினாள். தம்பிகள் விழுந்தடித்து ஓடினார்கள். முகம் பார்த்துப் பேசாதவர்களில் ஒருவன் பிடிக்க, மற்றவன் முடுக்கினான். ஸ்பானர் என்னுடையது.

கட்டில் எழுந்து நின்றது. தம்பிகளிடமிருந்து அறைச் சாவியை வாங்கி மாமா அவள் கையில் கொடுத்தார். அவள் உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது.

அறையின் சுவாதீனத்தைப் பெற்றுக்கொண்டதாக அவள் கையெழுத்துப் போட வேண்டியது பாக்கி. காத்திருந்தோம். அவள் வரவில்லை. பிறகு உள்ளிருந்து மெல்லிய குறட்டை கேட்டது. பெரியவன் கதவைத் தட்டக் கையை ஓங்கினான். மாமா அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார்.

"தூங்கட்டும் விடுங்க."

கையெழுத்து இல்லாமல் அவரால் திரும்பிப் போக முடியாது. அந்தக் கதவுக்கு முன்னால் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார். அவள் தானாக விழித்து வரும்வரை, அமீனா வேலையில் முதல் தடவையாக, ஒரு கதவைத் தட்டாமல் இருந்தார்.