மச்சான் ஊருக்கு வந்தால் வரும் வயிற்றுவலி

முதல் அறிகுறி வயிறு உப்புவதுதான். மச்சான் துபாயிலிருந்து விடுப்பில் வந்து கொஞ்ச நாள் ஆனதுமே என் புடவைக் கொசுவம் இடுப்பில் நிற்காது. காலையில் குமட்டும். பகலெல்லாம் தூக்கம் தூக்கமாக வரும். புருஷன் வெளிநாட்டிலிருந்து வந்திருக்கிற நேரத்தில் ஒரு பெண்ணுக்கு இப்படி ஆனால் எங்கள் திருத்துறைப்பூண்டியில் அதற்கு ஒரே அர்த்தம்தான். பக்கத்து வீட்டிலிருந்து மாங்காய் வந்துவிடும்.

என் மகள் சமீரா பிறந்தது அப்படியொரு விடுப்புக்குப் பிறகுதான். அந்த ஒரு தடவை மாங்காய் வீண்போகவில்லை. அதற்கப்புறம் அவர் வந்தபோதெல்லாம் எனக்கு இதே பாடுதான். அவர் விமானம் ஏறிய சில வாரங்களில் வயிறு வடியும், முகம் தெளியும். என் மாமியார் வாயை மூடிக்கொண்டு சும்மா இருக்கிறவர் இல்லை. "ஊர்ல பொம்பளைங்க புருஷன் போனா எளைப்பாங்க. இவ புருஷன் வந்தா எளைக்கிறா" என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்வார். சிரித்துக்கொண்டுதான் சொல்வார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

உள்ளுக்குள் பயமாகவும் இருந்தது. அவர் வருகிறார் என்று போன் வந்தால் சந்தோஷத்தோடு, இந்தத் தடவை எத்தனை நாளில் உப்புமோ என்ற நினைப்பும் சேர்ந்து வரும். என் உடம்புக்கு என் புருஷனைப் பிடிக்கவில்லையோ? இதை யாரிடம் போய்க் கேட்பது?

மச்சான் பெயர் கமால். துபாயில் ஒரு ஓட்டலின் பேக்கரியில் குரோசான்ட் சுடுவது அவர் வேலை. மைதா மாவை விரித்து, நடுவில் வெண்ணெயை வைத்து, மடித்து விரித்து மறுபடி மடித்து, பிறை போலச் சுருட்டிச் சுடுகிற பண்டம் அது. கடித்தால் சருகு போல நொறுங்கும். விடுப்பில் வந்தால், கார்கோவில் அனுப்பியிருந்த சின்ன ஓவனில் எனக்காகத் தினமும் சுடுவார். காலைப் பசியாறலுக்கு அதுதான். "ஊரு பேரு தெரியாதவனுக்கெல்லாம் சுட்டுப் போடுறேன். என் பொண்டாட்டி திங்க வேணாமா?" என்பார்.

தட்டில் இரண்டு வைப்பார். ஒன்றைத் தின்பேன். இரண்டாவதை அவர் அந்தப் பக்கம் திரும்பும்போது சமீராவின் தட்டுக்குத் தள்ளிவிடுவேன். அதற்குமேல் வயிறு தாங்காது. அவர் பார்க்கவில்லை என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். அவருக்கோ தன் கைப்பக்குவம் எனக்குப் பிடிக்கவில்லை என்று மனக்குறை. நேராகக் கேட்கிற ஆள் இல்லை அவர்.

வேலையை முடித்துக்கொண்டு அவர் ஒரேயடியாக ஊருக்கு வந்த வருஷம்தான் நான் படுத்துவிட்டேன். இந்த முறை திரும்பிப் போகிற நாள் என்று ஒன்று இல்லை, வயிறு வடியவும் வழி இல்லை. வயிற்றுப்போக்கு நிற்கவில்லை. ரத்தசோகை வேறு (ரத்தத்தில் இரும்புச்சத்துக் குறைந்து உடம்பு வெளுத்துப்போவது). மாடியில் காயும் துணியை எடுக்கப் போனால் பாதிப் படியில் உட்கார்ந்துவிடுவேன். அவர் என்னைத் தஞ்சாவூருக்கு அழைத்துப் போனார்.

அங்கே பார்த்த டாக்டரம்மா மருந்து எழுதுவதற்கு முன்னால் கேள்வி கேட்டார். "எப்பல்லாம் இப்படி ஆகுதும்மா?"

நான் பக்கத்திலிருந்த மச்சானைப் பார்த்தேன். எத்தனை நாளைக்குத்தான் மறைப்பது? "இவங்க ஊருக்கு வந்தா ஆகுது டாக்டர்."

மச்சான் முகம் செத்துப்போனது. டாக்டரம்மா சிரிக்கவில்லை. "இவர் வந்தா வீட்டுல சாப்பாடு மாறுமா?" என்று கேட்டார்.

"காலையில இவங்கதான் சுட்டுத் தருவாங்க."

எண்டோஸ்கோப்பி செய்தார்கள் (வாய்வழியாகக் குழாய் விட்டு உள்ளே பார்ப்பது). பயாப்சியும் எடுத்தார்கள் (குடலிலிருந்து சின்னத் துணுக்கை எடுத்துச் சோதிப்பது). வந்த பெயர் சீலியாக் நோய். கோதுமையில் குளூட்டன் என்று ஒரு புரதம் இருக்கிறது. மாவை இழுத்தால் அறுந்துபோகாமல் பிடித்துவைப்பது அதுதான். சிலருடைய குடல் அதை எதிரி என்று நினைத்துக்கொண்டு தன் உள்சுவரையே அழித்துக்கொள்ளும். மைதாவும் ரவையும் கோதுமைதான். மருந்து கிடையாது, கோதுமையை அடியோடு விடுவதுதான் வைத்தியம்.

ஆஸ்பத்திரி வராந்தாவில் நான் சிரித்தேன். என் உடம்புக்கு அவரைப் பிடிக்காமல் இல்லை! அந்த நிம்மதியை எப்படிச் சொல்வேன். அவர்தான் தூணில் சாய்ந்து நின்று, "இத்தன வருஷமா என் கையாலயே ஒனக்கு வெஷத்த ஊட்டியிருக்கேன்" என்றார். வீட்டுக்கு வந்ததும் ஓவனைப் பழைய கைலியால் மூடிப் பரணில் ஏற்றிவிட்டார்.

இதே நோய் வந்து இதைப் படிப்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். நெல் விளைகிற ஊர்தானே, சோற்றைத் தின்றுவிட்டுப் போகிறோம் என்று நானும் அலட்சியமாக இருந்தேன். கடையில் வாங்கும் பெருங்காயத்தில் பெரும்பாலும் கோதுமை மாவு கலந்திருக்கும். சேமியாவும் பிஸ்கெட்டும் சொல்லவே வேண்டாம். பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படித்துப் பார்த்து வாங்குங்கள்.

மாதங்கள் போகப்போக நகத்தில் சிவப்பு வந்தது. மாடிப்படி பழையபடி வெறும் மாடிப்படி ஆனது. நான் தேறிவந்தேன், அவர்தான் வாடிப்போனார். ஒரு ஓட்டலே எதிர்பார்த்திருந்த கைகள் இப்போது ரிமோட்டைப் பிடித்துக்கொண்டு கிடந்தன. எனக்குப் பொறுக்கவில்லை.

"அரிசி மாவுல சுடுங்க மச்சான்."

"அரிசி மாவு இழுக்காது. விரிச்சா விண்டு போயிரும். அதுல எங்கேருந்து வெண்ணெய வச்சு மடிக்கிறது?"

"துபாய்ல அத்தன வருஷம் குப்பையா கொட்டுனீங்க? ஒரு வழி பண்ணுங்க."

ரோஷக்காரர். மறுநாளே ஓவன் இறங்கியது. முதலில் சுட்டது அடை மாதிரி வந்தது. மரவள்ளி மாவு சேர்த்துப் பார்த்தார். பிறகு மருந்துக்கடைக்குப் போய் இசப்கோல் வாங்கிவந்தார் (மலச்சிக்கலுக்குத் தண்ணீரில் கலக்கிக் குடிக்கும் உமி). "வயித்துப்போக்குல கெடந்தவளுக்கு இதையா போடுவீங்க?" என்று கேட்டேன். அது தண்ணீரில் ஊறிக் கொழகொழவென்று ஆகி மாவைப் பிடித்துக்கொண்டது. எங்கள் வெயிலில் வெண்ணெய் நிற்காது என்பதால் விடியற்காலை சுபுஹு தொழுதுவிட்டு வந்த கையோடு வேலையைத் தொடங்குவார். ஒவ்வொரு மடிப்புக்கும் நடுவில் மாவு ஃபிரிட்ஜுக்குள் போய்வரும். ஒரு நாள் காலை உண்மையாகவே அடுக்கடுக்காக வந்தது. ஒன்றைத் தின்றேன்.

சாயங்காலம் வயிறு உப்பியது. மறுநாள் எழுந்திருக்க முடியவில்லை. மச்சான் என் கட்டிலருகே உட்கார்ந்து, "வேணாம் புள்ள. இந்தக் கை மாவுல பட்டாலே ஒனக்கு ஆகல" என்றார். அவர் அழுது நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

எனக்கு வலியைவிடக் கோபம்தான் அதிகமாக வந்தது. அரிசி, மரவள்ளி, வெண்ணெய், உமி, ஈஸ்ட். இதில் கோதுமை எங்கே இருக்கிறது? படுத்தபடியே ஒவ்வொன்றாக யோசித்துவந்தேன். மாவு மில் ஞாபகம் வந்தது.

மில்லுக்கு அரிசி கொண்டுபோனது நான்தான். மிஷினில் கொட்டுவதற்கு முன்னால் எங்கள் ஊர்ப் பெண்கள் எல்லோரும் கேட்கும் கேள்வியை நானும் கேட்டேன். "முன்னாடி மொளகா அரைச்சீங்களா?" மாவு சிவந்து காரமாகிவிடும் அல்லவா. மில்காரர் சொன்னார்: "இல்லக்கா, இப்பத்தான் கோதும ஓடுச்சு. தைரியமா கொட்டுங்க." அப்பாடா என்று நானும் கொட்டிவிட்டு வந்திருக்கிறேன்.

இதை மச்சானிடம் சொன்னேன். இருவரும் சிரித்த சிரிப்பில் மாமியார் எட்டிப் பார்த்தார்.

அதிலிருந்து மில் கிடையாது. அரிசியைக் கழுவி, ஊறவைத்து, நிழலில் உலர்த்தி வீட்டு மிக்ஸியில் அரைக்கிறோம். சல்லடை புதுசு, மாவு விரிக்கிற கட்டையும் புதுசு. குடல் மறுபடி ஆறும்வரை காத்திருந்துதான் சுட்டார். மைதாவில் செய்ததைப் போல உப்பி வராது. கொஞ்சம் குட்டையாக, பழுப்பாக இருக்கும். கடித்தால் மேல்தோல் நொறுங்கும்.

முன்பெல்லாம் என் உடம்புக்கு இரண்டே பருவம்தான்: அவர் இருக்கிற காலம், இல்லாத காலம். இப்போது அவர் தினமும் இருக்கிறார். ஆனாலும் பழக்கம் விடவில்லை. தின்று முடித்தால் கை தானாக வயிற்றைத் தொட்டுப் பார்க்கும். அப்படிச் சுட்டதை முதன்முதலாகத் தின்ற அன்றைக்கும் சாயங்காலம்வரை தொட்டுக்கொண்டே இருந்தேன். மறுநாளும் ஒன்றும் இல்லை. வயிறு என்று ஒன்று இருப்பதே மறந்துபோகிற மாதிரி இருந்தது. கொசுவம் செருகிய இடத்திலேயே நின்றது.

அதற்கடுத்த நாள் காலை அவர் எனக்கு ஒன்று வைத்தார். பயத்தில் அவர் இப்போதெல்லாம் ஒன்றுதான் வைப்பது. தின்றுவிட்டுத் தட்டை அவர் பக்கம் நகர்த்தினேன்.

"இன்னொண்ணு வைங்க மச்சான்."

எங்களுக்குக் கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் நான் இரண்டாவது கேட்டது அதுதான் முதல் தடவை. அவர் உடனே வைக்கவில்லை. ஓவன் பக்கமாகத் திரும்பி, துண்டால் முகத்தை நன்றாகத் துடைத்துக்கொண்டு வந்துதான் வைத்தார்.