இரண்டு கைக்கும் வேலை

புல்லாங்குழல்காரரின் தோளில் இரண்டு விரலால் இரண்டு முறை தட்டுகிறார். "நாலாவது வரியில மூச்சு விடாம இழுத்தீங்க பாருங்க, அது நான் எழுதினது இல்ல. நீங்களா குடுத்தது. ரொம்ப நன்றிங்க." அடுத்து செல்லோக்காரரின் தோள். அதற்கடுத்து, இரைச்சல் வருகிறதென்று ஏசியை அணைத்துவிட்டு வியர்வையில் நனைந்து நின்றவரின் தோள். ஒலிப்பதிவுக் கூடத்தில் தட்டாத தோள் ஒன்று பாக்கியிருந்தாலும் இந்த இசையமைப்பாளர் வீட்டுக்குக் கிளம்பமாட்டார். ஒருமுறை ஆள் தீர்ந்துபோய் மைக் ஸ்டாண்டைத் தட்டியதை, அங்கே கூடமாட வேலை பார்க்கும் நானே பார்த்திருக்கிறேன்.

அவரிடம் நன்றி வாங்காத ஜீவன் உலகத்தில் ஒன்றே ஒன்றுதான். அவர் இசையமைக்கும் படங்களில் அப்பாவாகவோ சித்தப்பாவாகவோ வந்துபோகும் ஒரு நடிகர். "அந்த ஆளா? ஏதோ வராரு, போறாரு" என்பார். அந்த ஆள் இவரேதான்.

நடிக்க வந்தது ஒரு விபத்து. பாட்டுக்கு வாயசைக்கக் கதாநாயகனுக்குச் சொல்லிக்கொடுப்பதற்காகப் படப்பிடிப்புக்குப் போனார். நாயகனின் இறந்துபோன அப்பாவுக்கு இந்த முகம் கச்சிதம் என்று இயக்குநர் கண்டுபிடித்து, படம் எடுத்துச் சுவரில் மாட்டிவிட்டார். அசையாமல் நடித்தார் என்று நல்ல பெயர். அதை நம்பி அடுத்த படத்தில் உயிரோடு நடிக்கவிட்டார்கள். அங்கேதான் வினை ஆரம்பித்தது.

வசனம் முடிந்ததும் இவர் பின்னணி இசைக்காகக் காத்திருப்பார். படப்பிடிப்பில் இசை ஏது? அது இவர் மண்டைக்குள் மட்டும் ஓடும். "என் பொண்ண நல்லா பாத்துக்கங்க" என்பார், எட்டு மாத்திரை நேரத்தை வயலினுக்கு விடுவார், அப்புறம்தான் கண்ணீர். எதிரே நிற்கும் நடிகை, பாவம், மனிதர் மறந்துவிட்டார் என்று வசனத்தை எடுத்துக்கொடுப்பார். அதைக்கூடப் பொறுத்துக்கொண்டார்கள். அத்தனை நேரமும் தொடையில் ஒரு விரல் தாளம் போடுமே, அதைத்தான் பொறுக்க முடியவில்லை. "சார், கை! சார், கை!" என்று கத்தித் தொண்டை கட்டிப்போன ஒளிப்பதிவாளர் கடைசியில் ஒரு வழி கண்டுபிடித்தார்: இரண்டு கைக்கும் ஏதாவது சுமை கொடுத்துவிடுவது. அன்று முதல் குடை, சூட்கேஸ், தூங்கும் குழந்தை என்று எதையாவது சுமக்காமல் இவர் திரைக்கு வந்ததில்லை. மகளின் காதலைக் கண்டிக்கும் காட்சிக்கு ஒரு மேசை விசிறியோடு வந்தார். நடுத்தர வர்க்கம் சுமக்கும் பாரத்தின் குறியீடு அந்த விசிறி என்று விமர்சகர் ஒருவர் இரண்டு பக்கம் எழுதினார். இவர் அவரைத் தேடிப்போய்த் தோளைத் தட்டிவிட்டு வந்தார்.

வீட்டம்மா அவ்வளவு லேசில் மயங்குகிற ரசிகை அல்ல. அவர் சொன்னது கூடம் முழுக்கப் பிரசித்தம்: "ரெண்டு பேருக்கும் சேத்து ஒரு தட்டுதான் வைப்பேன். மியூசிக்காரர் உள்ள வரட்டும். அந்த நடிகர் குடையோட வாசல்லயே நிக்கட்டும்."

அந்த நடிகருக்குத்தான் இப்போது சோதனை. இத்தனை வருடத்தில் முதல்முறையாக அவருக்கென்று ஒரு முழுக் காட்சி. உள்ளே மகளுக்கு அறுவை சிகிச்சை. வெளியே அப்பா தனியாக ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில். வசனம் கிடையாது. புது இயக்குநர் ஓர் இளம்பெண். "ஆபரேஷனுக்கு வெளிய உக்காந்திருக்கறவருக்குக் குடை எதுக்கு சார்?" என்று பிடுங்கி வைத்துவிட்டார். பலன்: முகம் கல்லாக இருக்க, விரல் நாற்காலியின் கையை டொக் டொக்கென்று தட்டியது. அங்கிருந்த மைக் அதை ஒன்றுவிடாமல் பிடித்துவைத்தது.

"மியூசிக் போட்டுப் பாருங்க சார். காட்சி நின்னா நிக்கட்டும். இல்லன்னா தூக்கிடுவோம், தப்பா நினைக்காதீங்க" என்றார் இயக்குநர்.

இவர் தப்பாக நினைக்கவில்லை, ஆடிப்போய்விட்டார். அந்த ஆளை எப்படியாவது காப்பாற்றியாக வேண்டும். ஒரு டொக்கும் வெளியே கேட்காதபடி முப்பது வயலினுக்கு எழுதி எடுத்துக்கொண்டு வந்தார். இயக்குநர் கையைக் கட்டிக்கொண்டு பின்னால் உட்கார்ந்தார். திரையில் காட்சி ஓடியது. வயலின் அணிக்குத் தலைவியான அம்மாள், இரண்டு பேருக்கும் தலை கறுப்பாக இருந்த காலத்திலிருந்து இவரோடு வாசிப்பவர், வில்லை எடுத்தார். எடுத்த வில்லை அப்படியே மடியில் இறக்கினார். மற்ற வில்களும் இறங்கின.

"என்னம்மா, நான் எழுதினது தப்பா?"

"எழுதினதெல்லாம் சரியாத்தாண்ணே இருக்கு. ஆனா அங்க ஒருத்தர் ஏற்கெனவே வாசிச்சிட்டிருக்காரே. குறுக்க நாங்க எதுக்கு?"

"யாரு வாசிக்கறா?"

"விரலப் பாருங்கண்ணே. படபடன்னு தட்டறாரு. நர்ஸ் கதவத் திறக்கறாங்க, நின்னுபோயிடுது. மூடினதும் மெதுவா மறுபடி ஆரம்பிக்குது. அது தாளமாண்ணே? பயம்ணே, பெத்தவன் பயம்."

"அட, அது அந்த ஆளோட கெட்ட பழக்கம்மா."

"இருந்துட்டுப் போகட்டும். இத்தனை வருஷம் அந்தப் பழக்கத்தப் பாத்துத்தான நாங்க வாசிச்சிருக்கோம்."

"இசையில்லாம ஒரு தடவ ஓட்டுங்க" என்றது இயக்குநரின் குரல்.

ஓட்டினார்கள். டொக், டொக், டொக். கதவு திறந்தது. விரல் நின்றது. கதவு மூடியது. டொக். ஏசியை அணைத்துவிட்டு நின்றவர் தலையைக் குனிந்துகொண்டார்.

இயக்குநர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "காட்சியத் தூக்க வேண்டாம் சார். வயலினத் தூக்கிடுங்க."

எழுதிய இசை நிராகரிக்கப்பட்ட ஓர் இசையமைப்பாளர் இத்தனை சந்தோஷமாக நின்று நான் பார்த்ததில்லை. முப்பது வயலினும் பெட்டிக்குள் போய்க்கொண்டிருக்க, வரிசையாகத் தட்டிக்கொண்டு வந்தார். "வாசிக்காம இருந்தீங்க பாருங்க, ரொம்ப நன்றிங்க." அந்த அம்மாளின் தோளில் மட்டும் விரல்கள் கொஞ்சம் தங்கின. "போங்கண்ணே, வீட்ல ரெண்டு தட்டு வைக்கச் சொல்லுங்க" என்றார் அவர்.

கூடம் காலியானது. எல்லாத் தோளும் முடிந்துவிட்டன. திரையில் மட்டும் அந்த அப்பா, கையில் குடையில்லாமல், நாற்காலியில் உறைந்துபோய் உட்கார்ந்திருந்தார். யாராவது பார்க்கிறார்களா என்று இவர் சுற்றுமுற்றும் பார்த்தார். நான் இல்லாத செருப்பைத் தேடுவதுபோல் குனிந்துகொண்டேன். அவர் திரைக்குப் பக்கத்தில் போய், அந்த ஆளின் தோளில் இரண்டு விரலால் இரண்டு முறை தட்டினார்.