மலைப்பாதையில் வராத மாட்டு வண்டி

நான் ஓய்வு பெற ஆறு மாதம் இருக்கும்போது, என் பணிப் பதிவேட்டில் கிடந்த கறுப்புக் குறிப்பை நீக்கிவிடலாம் என்று ஓர் இளம் அதிகாரி யோசனை சொன்னார். ஒரு மனு போட்டால் போதுமாம். மத்திய கலால் துறையில் இன்ஸ்பெக்டராக நுழைந்து கலெக்டராக வெளியே போகிறவருக்கு அந்த ஒரு கறை எதற்கு என்று கேட்டார். ஜில்லா கலெக்டர் இல்லை, எங்கள் துறையில் பெரிய பதவிக்கும் அதே பெயர்தான். குறிப்பில் இரண்டு குற்றம் எழுதியிருந்தது. வாக்குமூலத்தைப் பொய்யாகப் பதிவு செய்தார், மேலதிகாரியின் உத்தரவுக்குக் கீழ்ப்படியவில்லை. இரண்டும் உண்மை. முதலாவதற்கு இன்றைக்கும் வெட்கப்படுகிறேன். இரண்டாவதை நாளைக்குக் கேட்டாலும் செய்வேன். மனு போட மாட்டேன் என்று சொல்லி அனுப்பிவிட்டேன்.

அறுபதுகளின் தொடக்கம் அது. எனக்கு இருபத்தாறு வயது. பழனி மலையின் அடிவாரத்தில் அய்யம்பாளையத்தில் எனக்கு வேலை. ஒரு வாடகை வீடுதான் அலுவலகம். அந்தக் காலத்தில் காப்பியைத் தோட்டக்காரர் தன் இஷ்டத்துக்கு விற்க முடியாது. பெர்மிட் இல்லாமல் ஒரு மூட்டை கீழே இறங்கினாலும் குற்றம். மலைமேல் பெரும்பாறை ஊர்ப் பக்கத்திலிருந்து சரக்கு திருட்டுத்தனமாக இறங்குகிறது என்பது எல்லாருக்கும் தெரியும். யாருடைய தோட்டத்திலிருந்து இறங்குகிறது என்பதும் தெரியும். பிடிபடுவது மட்டும் எப்போதும் சுமந்து வருகிறவன்.

ஒரு நாள் காலை எட்டு மணிக்கு, ஒற்றையடிப் பாதை சமவெளியில் வந்து சேரும் இடத்தில், நான்கு மட்டக்குதிரைகளை எட்டு மூட்டை காப்பியோடு மடக்கினேன். ஓட்டி வந்தவருக்கு நாற்பது வயதிருக்கும். நான் அவரை ‘ஏலே’ என்று கூப்பிட்டேன். காக்கிச் சட்டை போட்ட மயக்கம், வேறென்ன. சரக்கு யாருடையது என்று கேட்டதற்கு அவர் ஒளிக்காமல் தோட்டத்தின் பெயரைச் சொன்னார். முதலாளியே களத்தில் நின்று ஏற்றிவிட்டதாகவும், தனக்குக் குதிரை வாடகை மட்டும்தான் என்றும் சொன்னார். எல்லாம் என் காதில் நன்றாகவே விழுந்தது.

ஆனால் நான் அதை எழுதவில்லை. எங்கள் துறையில் ஒரு வழக்கம் உண்டு. வாக்குமூலத்தைப் புதிதாக யாரும் எழுத மாட்டோம். கோர்ட்டில் நின்று ஜெயித்த பழைய வழக்கின் வாக்குமூலம் ஒன்று ஒவ்வொரு அலுவலகத்திலும் மாதிரியாக இருக்கும். அதைப் பார்த்து எழுதி, பேரையும் ஊரையும் எடையையும் மாற்றிக் கைரேகை வாங்கிவிட்டால் வேலை முடிந்தது. முதலாளி பெரிய இடம். அவர் பெயரை எழுதினால் வழக்கு இழுக்கும், குதிரைக்காரரோடு நிறுத்தினால் ஒரே மாதத்தில் முடியும். எனக்கோ பசி வேறு. ‘மேற்படி சரக்கு எனக்கே சொந்தமானது’ என்று மாதிரியில் இருந்ததை அப்படியே இறக்கினேன். அவர் விரலைப் பிடித்து நானே மையில் ஒற்றி எடுத்தேன். மேலே இருந்து பாராட்டு வந்தது. ஒரு வாரம் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிந்தேன்.

குதிரைகளை அலுவலகத்துக்குப் பின்னால் கட்டிப் போட்டிருந்தோம். அவர் ஒருநாள் விட்டு ஒருநாள் மலையிலிருந்து புல்லுக்கட்டோடு இறங்கி வருவார். தீனி போடுவார், தடவிக் கொடுப்பார், என்னை ஏறிட்டும் பார்க்காமல் போய்விடுவார். பதினைந்து நாளில் பதில் வராவிட்டால் குதிரைகள் ஏலத்துக்குப் போகும் என்று நோட்டீஸ் அனுப்பினோம். கூடவே வாக்குமூலத்தின் நகலும் போனது. அவர் அதை மிஷன் பள்ளிக்கூடத்து வாத்தியாரிடம் கொடுத்து வாசிக்கச் சொல்லியிருக்கிறார். மறுநாள் வெள்ளனே வந்து என் மேஜைக்கு முன்னால் நின்றார்.

“இதுல எனக்குச் சொந்தமான மாட்டு வண்டியில கொண்டு வந்தேன்னு போட்டிருக்காம். எங்கிட்ட மாடே கெடையாதுங்க. அந்தப் பாதையில வண்டி எப்பிடிங்க எறங்கும்?”

வாங்கிப் பார்த்தேன். மாதிரி வாக்குமூலம் சமவெளியில் பிடித்த புகையிலை வண்டி வழக்கு. மாட்டு வண்டியை மாற்ற மறந்து போயிருக்கிறேன். ஆடு இறங்கவே யோசிக்கும் பாதையில் நான் ஜோடி மாடு பூட்டி வண்டி ஓட்டியிருக்கிறேன். எனக்குச் சிரிப்பு வந்திருக்க வேண்டும். வரவில்லை.

“நான் சொன்னது எங்கேங்க?” என்றார்.

அந்த நான்கு குதிரைகள்தான் அவர் வீட்டு அடுப்பு. ஏலம் போனால் அவர் அதே முதலாளியின் தோட்டத்தில் கூலிக்குப் போய் நிற்க வேண்டும்.

தாளை எடுத்துக்கொண்டு என் மேலதிகாரியிடம் போனேன். அவர் கோடை வந்தால் கொடைக்கானலில் அந்த முதலாளியின் பங்களாவில்தான் குடும்பத்தோடு தங்குவார். இது ஊரறிந்த ரகசியம். அவர் வயிறு குலுங்கச் சிரித்துவிட்டு, “வண்டியை அடிச்சிட்டுக் குதிரைன்னு போடுப்பா. புதுசா ஒரு ரேகை வாங்கி வெரசா அனுப்பு. இதுக்கா மூஞ்சியைத் தூக்கி வச்சிருக்க?” என்றார்.

பொய் வண்டி மட்டுமில்லை, முழு வாக்குமூலமும் பொய் என்றேன். சிரிப்பு நின்றது. அதை எழுதியவன் நான்தான் என்று நினைவூட்டினார். எனக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருப்பதைச் சொன்னார். தவளை தன் வாயால் கெடும் என்றும் சொன்னார். எய்தவன் இருக்க அம்பை நோவதற்கா அரசாங்கம் எனக்குச் சம்பளம் தருகிறது என்று நான் கேட்டேன். அப்படிக் கேட்டதில் இன்றுவரை எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு, மறைக்க மாட்டேன்.

அன்றைக்கே கலெக்டருக்கு நேராக எழுதினேன். குதிரைக்காரர் சொன்னது இது, நான் எழுதியது இது, தெரிந்தே எழுதினேன் என்று மூன்று பத்தி. இந்த முறை மாதிரி எதையும் பார்க்கவில்லை. கலெக்டர் அப்போது கொடைக்கானலில் முகாம். அங்கேயே விசாரணை வைத்தார். இரவல் கோட்டு ஒன்றைப் போட்டுக்கொண்டு பஸ் ஏறினேன். அறையில் கணப்பு எரிந்தது, இருந்தும் பல் கிட்டியது. என் மேலதிகாரி எனக்காகப் பரிந்து பேசினார். அதுதான் எனக்குப் பெரிய ஆபத்தாக இருந்தது. பையன் வேலைக்குப் புதிது, பாஷை புரியாமல் தவறு நேர்ந்திருக்கலாம், தெரியாமல் நடந்தது என்று ஒத்துக்கொண்டால் கோப்பை மூடிவிடலாம் என்றார். நான் திண்டுக்கல்லில் பிறந்து வளர்ந்தவன். எனக்கா பாஷை புரியாது?

கலெக்டர் என்னைப் பார்த்து ஒரே கேள்வி கேட்டார். “எழுதும்போது பொய்யென்று தெரியுமா?”

“தெரியும் சார்.”

தெரியாது என்று சொல்லியிருந்தால் நான் தப்பியிருப்பேன். வாக்குமூலமும் தப்பியிருக்கும், வண்டியை அடித்துக் குதிரை என்று போட்டிருப்பார்கள். எழுதியவனே பொய்யென்று ஒத்துக்கொண்ட பிறகு அவர்களுக்கு வேறு வழி இல்லை. குதிரைகளை விடச் சொல்லி உத்தரவானது. முதலாளிக்கு நோட்டீஸ் போனது. அவர் வக்கீல் வைத்து லேசான அபராதத்தோடு தப்பினார் என்பதையும் சொல்லிவிடுகிறேன். எனக்குக் கறுப்புக் குறிப்பு, தூத்துக்குடி உப்பளத்துக்கு மாற்றல். பதவி உயர்வுப் பட்டியல் இரண்டு முறை என் பெயரைத் தாண்டிப் போனது. போகட்டும். நான் ராஜினாமா செய்வேன் என்று எதிர்பார்த்தார்கள். செய்யவில்லை. அவர்கள் உட்கார்ந்த நாற்காலியில் ஒவ்வொன்றாக நானும் உட்கார்ந்தேன். முதல் நாற்காலியில் ஏறியதும் நான் செய்த காரியம், மாதிரி வாக்குமூலங்களைக் கட்டாகக் கட்டிக் கொல்லைப்புறத்தில் கொளுத்தியது.

இதோடு நிறுத்தினால் கதை எனக்குச் சாதகமாகப் போய்விடும். குதிரைகளை விட்ட நாளையும் சொல்ல வேண்டும்.

மாற்றல் உத்தரவு வந்த பிறகு நான் கடைசியாகச் செய்த வேலை அதுதான். ரசீது எழுதி, மைப்பெட்டியைத் திறந்து, குதிரைக்காரர் பக்கம் நகர்த்தினேன். அவரை இப்போது நீங்க, வாங்க என்றுதான் கூப்பிட்டேன். எனக்கு என்ன ஆயிற்று என்பது அவருக்குத் தெரியும். ஒரு நல்ல வார்த்தை சொல்வார் என்று உள்ளுக்குள் எதிர்பார்த்தேன், பொய் சொல்ல மாட்டேன். அவர் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டார்.

“வாசிங்க,” என்றார்.

வாசித்தேன். நான்கு குதிரைகளையும் நல்ல நிலையில் பெற்றுக்கொண்டேன் என்று இருந்தது.

“ஒண்ணு நொண்டுதுங்க. இங்கன கட்டிப் போட்டதுல வந்த நொண்டி. அதையும் எழுதுங்க.”

எழுதினேன். எங்கள் பொறுப்பில் இருந்தபோது நேர்ந்தது என்றும் சேர்த்தேன். இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னார், வாசித்தேன்.

“நீங்க மொதல்ல போடுங்க.”

கையெழுத்துப் போட்டேன். மை காயும்வரை அதையே பார்த்துக்கொண்டு நின்றார். அதற்கப்புறம்தான் தன் கையை முன்னால் கொண்டுவந்தார்.