வாழ்த்துமடலின் கடைசி வரி

என் பெரியம்மா சிசிலிக்கு அறுபது வயது. மொன்ட்ரியால்-நோரில் மூன்றாம் மாடி வீடு, பல்கலைக்கழக நூலகம் ஒன்றில் துப்புரவு வேலை. துறைமுகத்தில் லொறி ஓட்டிய பத்திநாதர் பெரியப்பா செத்து ஆறு வருடம். தேவாலயத் தமிழ் அறிக்கையைக் கணினியில் தட்டச்சு செய்து கொடுப்பதும் பெரியம்மாதான், சும்மா. இப்படிப்பட்டவரைப் பற்றி ஒரு படித்தவரும் எழுதப்போவதில்லை. ஆகவே பத்தாம் வகுப்பை இரண்டாம் தரம் படிக்கிற நான் எழுதுகிறேன்.

போன மாசியில் அந்த நூலகத்தில் ஒரு கண்காட்சி வைத்தார்கள். பெரியம்மா கண்ணாடிப் பெட்டியைத் துடைத்துவிட்டு, பக்கத்திலிருந்த பிரெஞ்சு விளக்கத்தைப் போனில் படமெடுத்து வந்தார்.

"பிரஷாந்தினி, இதிலை என்ன கிடக்கெண்டு சொல்லு."

"தொள்ளாயிரம் வருசத்துக்கு முன்னம், படிச்ச ரெண்டு பேர் லத்தீனிலை காதல் கடிதம் எழுதியிருக்கினம். ஒரு வாத்தியாரும் அவரின்ரை மாணவியுமாம். கனகாலத்துக்குப் பிறகு ஒரு துறவி அதுகளைப் பாத்து எழுதினவர். பேருகளை விட்டிட்டார், நல்ல வசனங்களை மட்டும் பொறுக்கியிருக்கிறார். ஆர் எழுதினதெண்டு இண்டைக்கும் சண்டை பிடிக்கினம்."

"அந்தப் பெட்டையின்ரை பேர்?"

"இல்லை."

பெரியம்மா தேத்தண்ணிக் கோப்பையை வைத்தார். "எனக்கு அந்தத் துறவியைத் தெரியும். இஞ்சை பக்கத்திலை, கர்க்லாண்டிலை இருக்கிறார்."

அப்போதுதான் விமலநாதனின் கதை வெளியே வந்தது. எங்கள் ஊர்ச் சனத்தின் கலியாணங்களில் வாழ்த்துமடல் எழுதி, சட்டம் போட்டு, மேடையில் ராகத்தோடு வாசித்துக் கொடுப்பவர் அவர். பெயருக்கு முன்னால் 'வித்துவான்' என்று தானே போட்டுக்கொள்வார். எண்பத்தெட்டில் அவரும் பெரியம்மாவும் பாலபண்டிதர் என்ற தமிழ்ச் சோதனைக்குப் படித்தவர்கள். அவர் யாழ்ப்பாணத்தில், இவர் மன்னாரில். இலக்கணச் சந்தேகம் கேட்டுத் தொடங்கிய கடிதங்கள் நாற்பதுக்கு மேல் போயின. தொண்ணூறில் அவர் கனடா வந்தார். அதன்பின் பெரியம்மா எட்டுக் கடிதம் போட்டும் ஒரு பதில் இல்லை.

"அதுக்கு நான் அழுது முடிச்சிட்டன்," என்றார் பெரியம்மா. "பெரியப்பா அவரைவிட நூறு மடங்கு நல்ல மனுசன். ஆனா இஞ்சை வந்து போன முதல் கலியாணத்திலை, மேடையிலை நிண்டு என்ரை கடிதத்தை வாசிக்கிறார்!"

பெரியம்மா எழுதியது இப்படி: 'நீ சூத்திரம், நான் உரை. நீ சுருங்கச் சொல், நான் விரித்துக்கொள்கிறேன்.' இருபத்திரண்டு வயதில் ஒருத்தி இப்படி எழுதினால் எனக்கே நெஞ்சுக்குள் ஏதோ செய்கிறது. (இதை யாரிடமும் சொல்லவேண்டாம்.) விமலநாதன் அதை மாற்றி, 'மாப்பிள்ளை சூத்திரம், பொம்பிளை உரை. அவர் ஒன்று சொன்னால் அவர் மனைவி ஒன்பது சொல்வார்' என்று வாசிப்பார். மண்டபம் சிரிக்கும். பதினைந்து வருடமாகச் சிரிக்கிறது.

"காதல் போனாப் போகட்டும். வசனம் என்ரை. அதை வைச்சுப் பொம்பிளையளுக்கே நையாண்டி!"

ஆதாரம் இல்லாததால் பெரியம்மா வாயைத் திறக்கவில்லை. அவர் எழுதிய கடிதங்கள் எல்லாம் விமலநாதனிடம்.

ஆனால் வித்துவானுக்குக் கணினியில் தமிழ் அடிக்கத் தெரியாது. அடித்துக் கொடுத்த ரொறன்ரோக்காரர் இந்தச் சித்திரையில் தொழிலை விட்டுவிட்டார். தன் மகள் லக்சனாவின் கலியாணத்துக்கு மடல் கேட்டிருந்த றோசா அன்ரி, விமலநாதனின் கையெழுத்துப் பிரதியை நேராகப் பெரியம்மாவிடம் கொண்டுவந்தார். யார் அடிப்பது என்று வித்துவானுக்குச் சொல்லவுமில்லை.

பெரியம்மா மூன்று தரம் வாசித்தார். பதினாறு வரியில் பதினொன்று அவருடையவை.

எனக்குக் கை துருதுருத்தது. "பெரியம்மா, கடைசியிலை 'இவர் ஒரு கள்ளன்' எண்டு போடுவம். மடலைச் சுத்தின தாளை மேடையிலைதானே பிரிக்கிறவர். முன்னம் பாக்கமாட்டார்."

"விசரி. லக்சனாவின்ரை கலியாணத்தைக் கெடுக்கிறதே?"

"அப்ப என்ன, மன்னிக்கப் போறியளோ?"

"மன்னிக்கிறதோ?" என்று சிரித்தார். அப்படி ஒரு சிரிப்பை நான் அவரிடம் பார்த்ததில்லை. பிறகு அடிக்கத் தொடங்கினார். இரண்டே இரண்டு இடத்தில்தான் கை வைத்தார்.

மடலை நான்தான் சட்டம் போட்டுச் சுற்றினேன். அதே பக்கத்தை, மண்டபத்தில் பெரிய திரையை இயக்கும் பொடியனுக்கும் அனுப்பினேன். அது பெரியம்மாவுக்குத் தெரியாது. வித்துவான் எந்த வரியையும் விழுங்கிவிடக் கூடாது அல்லவா?

கலியாணத்தன்று முந்நூறு பேர். விமலநாதன் தாளைப் பிரித்து, தொண்டையைச் செருமி, ராகத்தைப் பிடித்தார். திரையிலும் மடல் விழுந்தது. ஒன்பதாம் வரியில் சனம் சிரிப்புக்குத் தயாரானது. அவர் பழக்கத்தில் ஓடி, எழுதியிருந்ததை அப்படியே பாடிவிட்டார்: "நீ சூத்திரம், நான் உரை. நீ சுருங்கச் சொல், நான் விரித்துக்கொள்கிறேன்."

ஒருவரும் சிரிக்கவில்லை. லக்சனா மாப்பிள்ளையைத் திரும்பிப் பார்த்தாள். விமலநாதனின் ராகம் அந்த இடத்தில் செத்தது. மீதி வரிகளைச் செய்தி வாசிப்பதுபோல வாசித்தார். கடைசி வரியில் நின்றார். வழக்கமாகத் தன் பெயரை இரண்டு தரம் சொல்லும் இடம் அது.

"அண்ணை, வாசியுங்கோவன்!" என்று முன்வரிசையில் யாரோ கத்தினார்கள். திரையில் எல்லோருக்கும் தெரிகிறதே.

"யாத்தவர்..." என்றார். மைக் இரைந்தது. "சிசிலி பத்திநாதர்."

முப்பத்தைந்து வருடமாக அவர் வாயில் வராத பெயர். பெரியம்மா எழும்பி, கைகூப்பிவிட்டு, திரும்ப இருந்தார். கைதட்டலுக்குள் நான் விசிலும் அடித்தேன்.

அடுத்த ஞாயிறு பூசை முடிய, விமலநாதன் தேவாலய வாசலில் ஒரு பலசரக்குப் பையோடு நின்றார். உள்ளே கடிதங்கள். பெரியம்மா ஒன்றைப் பிரித்தார். நல்ல வசனங்களின் கீழே சிவப்புக் கோடு. பதில் வராத அந்த எட்டுக் கடிதங்களில் மட்டும் கோடே இல்லை. அம்மாவுக்கு இருமல், பஸ் ஓடவில்லை, பதில் போடு: இவ்வளவுதான் அவற்றில். மேடைக்கு உதவாதவை.

பெரியம்மா அந்த எட்டையும் தனியாக எடுத்துக் கைப்பைக்குள் வைத்தார்.

"சிசிலி, வைகாசியிலை இன்னொரு கலியாணத்துக்கு ஒப்புக்கொண்டிட்டன்..." அவர் நிலத்தைப் பார்த்தே கேட்டார். "நீர் எழுதித் தருவீரோ?"

சுற்றிவர நின்ற அத்தனை பேருக்கும் கேட்கும்படி பெரியம்மா சொன்னார்:

"அதுக்கென்ன, எழுதித் தாறன். ஆனா கடைசி வரி வரைக்கும் நீங்கள்தான் வாசிக்கவேணும், அண்ணை."