கம்பலை என்றால் மூக்கில் வருவது

சேக்காட்டில் யார் செத்தாலும் முதலில் சுறுசுறுப்பாகிறவர் தங்கவேல். சாவுச் செய்தி காதில் விழுந்ததும் தொண்டையைச் செருமிப் பார்த்துக்கொள்வார். "யாரு?" என்று கேட்பது அதற்குப் பிறகுதான்.

அவருக்கு வயது ஐம்பத்தாறு. ஆட்டோவின் தலையில் இரண்டு குழாய் ஸ்பீக்கர்களைக் கட்டிக்கொண்டு தெருத் தெருவாக அறிவிப்புச் செய்வது தொழில். சாவு, கோயில் கூழ், தண்ணீர் லாரி வரும் நேரம், காணாமல் போன நாய்க்குட்டி, எல்லாவற்றுக்கும் ஒரே ராகம். வாக்கியத்தின் முதல் பாதியில் மலையேறுவார், இரண்டாம் பாதியில் தடுக்கி விழுவார். செய்தி என்னவென்று புரிவதற்குள் ஆட்டோ அடுத்த தெருவுக்குப் போயிருக்கும்.

இளமையில் அம்பத்தூர் எஸ்டேட்டில் தகடு அடிக்கும் பிரஸ் ஒன்றில் பதினோரு வருஷம் வேலை பார்த்தார். அங்கே மிஷின் இரைச்சலை மீறிப் பேசிப் பேசித்தான் அந்தக் குரல் வந்தது. அந்தக் கம்பெனி மூடியது வேறு காரணத்தால். அவரைக் கேட்டால், "நான் இல்லாம அவங்களால ஓட்ட முடியல" என்பார். பிறகு ஒரு சவுண்ட் சர்வீஸில் ஒயர் சுமக்கப் போனார். ஒரு ஆடி மாதம், அறிவிப்பாளர் வராத சாயங்காலத்தில், யாரோ பாவம் பார்த்து அவர் கையில் மைக்கைக் கொடுத்தார்கள். இன்றுவரை அதை அவர் கீழே வைக்கவில்லை.

ஆட்டோவின் முதுகில் 'குரல்வேந்தர் க. தங்கவேல்' என்று எழுதியிருக்கும். பட்டம் யார் கொடுத்தது என்றால், "மக்கள்" என்பார். ஆவடியில் நான் வேலை செய்யும் பிளெக்ஸ் கடையில், அந்த ஸ்டிக்கரை வெட்டிக் கொடுத்தவள் நான்தான். வேறு எந்த மக்களும் அப்போது அங்கே இல்லை.

என்னைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். பெயர் ஜெயப்பிரியா. பி.ஏ. தமிழ். எங்கள் வீட்டில் எனக்கு முன்னால் யாரும் கல்லூரி வாசலை மிதித்ததில்லை. முதல் பட்டதாரி என்று தாசில்தார் கையெழுத்துப் போட்ட சான்றிதழே இருக்கிறது. அந்தச் சான்றிதழையும் பட்டத்தையும் வைத்துக்கொண்டு இரண்டு வருஷமாக வேலை தேடியதில் கிடைத்தது, பிறந்தநாள் பேனரில் ஒற்றுப் போடும் அதிகாரம். மற்றவர்களின் பிழையைப் பார்த்தால் எனக்கு உள்ளுக்குள் ஒரு குளிர்ச்சி வரும். அது தமிழ்ப் பற்றா, வேறு ஏதாவதா என்று பல தடவை யோசித்திருக்கிறேன். நல்ல பதில் வந்ததில்லை.

தங்கவேல் எனக்குப் பெரிய விருந்து. சாவு அறிவிப்பில் இறந்தவரைக் குறிக்க வரும் 'அன்னார்' என்ற சொல் மரியாதைச் சொல் என்று நினைத்து, ரேஷன் கடை திறக்க வந்த கவுன்சிலரை, "அன்னார் அவர்கள் சிறப்புரை ஆற்றுவார்" என்று உயிரோடு அடக்கம் செய்தவர் அவர். அவருடைய ஆசைச் சொல் கம்பலை. எந்தச் சாவு அறிவிப்பையும், "கண்ணீரும் கம்பலையுமாய் வந்து கலந்துகொள்ளுமாறு" என்றுதான் முடிப்பார்.

அந்தச் சொல் இன்று அந்த ஒரு தொடரில் மட்டும்தான் உயிரோடு இருக்கிறது. கண்ணீரின் கையைப் பிடித்துக்கொண்டு வந்தால் உண்டு, தனியாக வந்தால் அதை யாருக்கும் தெரியாது. ஒரு காலத்தில் அது நன்றாக வாழ்ந்த சொல். கம்பலை என்றால் ஓசை. ஒற்றை ஆளின் ஓசையைவிடக் கூட்டத்தின் ஓசைக்கே அது பொருந்தும். அறுவடைக் களம், கடைத்தெரு, திருவிழா, இப்படிப் பலர் சேர்ந்த இடத்தில் எழுகிற இரைச்சல் அது. அகராதியில் ஆரவாரத்தோடு நடுக்கம், அச்சம், துன்பம் என்றும் பொருள் போட்டிருப்பார்கள். நடுக்கம்தான் மூலம் என்று சொல்கிறவர்களும் உண்டு. வரிசையில் சச்சரவும் உண்டு. இத்தனை பெரிய குடும்பத்துச் சொல் கடைசியில் தங்கவேல் வாயில் வந்து விழுந்ததே என்று எனக்கு ஆத்திரம்.

போன மார்ச்சில் ஒரு வெள்ளிக்கிழமை காலை, தங்கவேல் எங்கள் கடைக்குள் வந்தார். பின்னால் எங்கள் தெரு அருள்தாஸ். விடியற்காலையில் அவருடைய அம்மா அன்னம்மாள் இறந்துபோயிருந்தார். சாயங்காலம் நாலு மணிக்குப் பெட்டியை மூடி மாதா கோயிலுக்குத் தூக்குகிறார்கள். அதற்குள் கண்ணீர் அஞ்சலி பேனர் வேண்டும்.

உறவினர் பெயர்களை அருள்தாஸ் சொல்லச் சொல்ல நான் அடித்தேன். மகன், மருமகள், பேரப்பிள்ளைகள். நிறுத்திவிட்டார்.

"பொண்ணு பேரு?" என்று கேட்டேன். அவருக்கு ஜெயசீலி என்று ஒரு தங்கை உண்டு. ஆறு வருஷத்துக்கு முன்னால் தமிழ்வாணன் என்ற இந்துப் பையனைக் கட்டிக்கொண்டு நசரத்பேட்டைக்குப் போனவள். அன்றிலிருந்து அண்ணன் அவளை வீட்டுப்படி ஏற்றவில்லை.

"பொண்ணு இல்ல" என்றார் அருள்தாஸ். "அவ வரவும் கூடாது. எங்கம்மா மூஞ்சில முழிக்க அவளுக்கு யோக்கியத இல்ல."

செத்துப்போன அம்மாவின் முகத்துக்கும் இவர்தான் காவல்காரர் போலிருக்கிறது. அடுத்த வரியைத் தங்கவேல் பாட ஆரம்பித்துவிட்டார்.

"போடு ஜெயா. கண்ணீரும் கம்பலையுமாய் வழியனுப்பும்…"

கடை முதலாளி ஜாபஸ் அண்ணன் திரையை எட்டிப் பார்த்தார். "இன்னா சிஸ்டர், கம்பளியா? இந்த வெயில்ல யாருக்குக் கம்பளி?"

"கம்பளி இல்ல தம்பி, கம்பலை" என்றார் தங்கவேல் கம்பீரமாக.

"அப்டின்னா?" என்று கேட்டார் அருள்தாஸ்.

"கண்ணீர்னா கண்ணுல வர்றது. கம்பலைன்னா மூக்குல வர்றது. அழும்போது ரெண்டும் சேந்துதான வரும்?"

நான் சிரித்துவிட்டேன். சாவு வீட்டு மனிதர் எதிரில் நிற்கிறார் என்பதுகூட மறந்துபோயிற்று. இருபது வருஷம் சளியை வாழ்த்திக்கொண்டு ஊரைச் சுற்றியிருக்கிறார் இந்தக் குரல்வேந்தர்!

"மாமா, கம்பலைன்னா சண்டை, சச்சரவு. எல்லாரையும் சண்டைக்கு வாங்கன்னு இத்தன நாளா கூப்ட்டுகினு இருந்திருக்கீங்க" என்றேன்.

மற்றப் பொருள்கள் எனக்குத் தெரியும். அன்று அந்த ஒன்றை மட்டும் எடுத்தேன். அவரை அதிகமாக வெட்டக்கூடியது அதுதான் என்பதால் எடுத்தேன்.

தங்கவேல் முகம் சுருங்கவில்லை, சுருங்குகிற முகமும் இல்லை அது. மாறியது அருள்தாஸின் முகம். "சண்டையா? அந்த வார்த்த பேனர்லயும் வேணாம், மைக்குலயும் வேணாம். இன்னைக்கு ஊட்டாண்ட சண்டைன்ற பேச்சே வரக் கூடாது. புரிதா அண்ணாத்தே?"

"சொல்லிட்ட இல்ல, உடு" என்று தலையாட்டினார் தங்கவேல்.

மத்தியானம் மூன்று மணிக்கு ஜாபஸ் அண்ணனும் நானும் பேனரைக் கட்டப் போனோம். அருள்தாஸ் வீட்டு இரும்புக் கேட்டுக்கு வெளியே ஜெயசீலி நின்றிருந்தாள். தெருவில் யாரோ போன் பண்ணியிருக்கிறார்கள். கலைந்த தலை, ஒரு கையில் மாலை, கேட்டைப் பிடித்த மறு கை. கேட்டுக்கு உள்ளே அருள்தாஸ். பக்கத்து வீட்டுப் பூங்காவனம் அக்கா அவரிடம் பேசிக்கொண்டிருந்தார்.

"அஞ்சு நிமிசம் பாத்துட்டுப் போயிடட்டும் நைனா. பெத்தவ மூஞ்சிய இனிமே எங்கப் போயி பாப்பா அவ?"

"பாத்துட்டு வாய மூடிகினு போவாளா? உள்ள வந்து சண்ட வளப்பா."

"ஒண்ணும் பேச மாட்டேண்ணா" என்றாள் ஜெயசீலி. "சத்தியமா. கால மட்டும் தொட்டுட்டுப் போயிடுறேன்."

அருள்தாஸ் தாழ்ப்பாளில் கை வைத்தார். அது பாதி நகர்ந்ததை நான் பார்த்தேன்.

அப்போதுதான் தெருமுனையில் திரும்பியது அந்த ஆட்டோ.

"…அன்னாரது நல்லடக்கம் இன்று மாலை நாலு மணியளவில் நடைபெறுவதால், உற்றார் உறவினர் அனைவரும் கண்ணீரும் கம்பலையுமாய் வந்து கலந்துகொள்ளுமாறு…"

காலையில் தலையாட்டியது தலை மட்டும்தான். வாய்க்கு அந்தச் செய்தி போய்ச் சேரவில்லை.

தாழ்ப்பாள் திரும்பி உள்ளே போன சத்தம் எனக்குக் கேட்டது. "யோவ், இன்னாய்யா நெனச்சிகினு கீற? காலைலயே வேணாம்னு சொன்னேன் இல்ல? இவ வர்றான்னு தெரிஞ்சிதான் ஊரையே சண்டைக்குக் கூப்புடுறியா? இவதான் சொல்லிக் குடுத்தாளா?"

ஜெயசீலிக்கு என்ன நடக்கிறது என்றே புரியவில்லை. மூக்கில் வருவதா, சண்டையா என்று காலையில் ஒரு கடையில் நடந்த கேலிக்கூத்து அவளுக்கு எப்படித் தெரியும்? அவளுக்குத் தெரிந்தது, திறக்கப்போன கேட் மூடிக்கொண்டது என்பது மட்டும்.

தங்கவேல் ஆட்டோவிலிருந்து இறங்கி ஓடிவந்தார். கையில் மைக், பின்னால் ஒயர். "வாய் பயக்கம் நைனா. வேணும்னு சொல்லல. எனக்கு அது மூக்குதான். இந்தப் பொண்ணுதான் சண்டைன்னுச்சு, இத்தக் கேளு" என்று என்னைக் காட்டினார். ஐம்பத்தாறு வயதில் எவ்வளவு வேகமாக விரல் நீள்கிறது!

நான் கேட்டருகே போனேன். "அண்ணா, அதுக்கு சண்டைன்னு மட்டும் அர்த்தம் இல்ல. நடுக்கம், துன்பம், அப்புறம் ஓசைன்னுகூட…"

"காலைல சண்டைன்ன. இப்ப ஓசைன்ற. நாலு மணிக்கு இன்னான்னு சொல்லுவ?"



ஜெயசீலி கேட்டின் கம்பிகளைப் பிடித்தபடி அப்படியே தரையில் உட்கார்ந்தாள். தங்கவேல் காலடியில்தான் உட்கார்ந்தாள். மைக்கை அவர் அடிவயிற்றோடு சேர்த்துப் பிடித்து அசடு வழிய நின்றுகொண்டிருந்தார். அவள் தலைக்கும் அதற்கும் ஒரு சாண்.

"எம்மோ… ஒரே ஒரு வாட்டி காட்டச் சொல்லும்மா உன் புள்ளய…"

அந்தக் குரல் ஆட்டோவின் தலையிலிருந்து வந்தது. இரண்டு குழாய்களிலிருந்தும் வந்தது. ஊர்க்கோடித் தண்ணீர்த் தொட்டி வரை, அதற்கு அப்பாலும் போயிருக்க வேண்டும். மூச்சு வாங்குவது, விக்குவது, கம்பியில் வளையல் உரசுவது, எல்லாம். அவளுக்கு அது தெரியவில்லை. அழுகிறவளுக்குத் தன் சத்தம் எங்கே தெரியும்?

கதவுகள் திறந்தன. மாவுக் கையோடு ஒருத்தி, கைலியோடு இரண்டு பேர், பிறகு தெருவே வந்தது. அதுவரை ஜன்னலில் வேடிக்கை பார்த்திருந்த ஜனம்தான். தனித்தனியாக இருந்தபோது ஒருவருக்கும் வராத நியாயம், கூட்டமானதும் எல்லோருக்கும் வந்துவிட்டது. பெண்கள் அழுதார்கள், ஆண்கள் கேட்டை உலுக்கினார்கள். யார் என்ன சொல்கிறார்கள் என்று பிரிக்க முடியாத ஒரு பெரிய இரைச்சல். அதற்குள்ளிருந்து பூங்காவனம் அக்காவின் குரல் மட்டும் தெளிவாக வந்தது.

"தொறடா கதவ! உங்கம்மா பெட்டிக்குள்ள இருந்து எழுந்து வந்து தொறக்கணுமா?"

தாழ்ப்பாளை இரண்டாம் தடவைதான் அருள்தாஸால் இழுக்க முடிந்தது. மனம் இளகித் திறந்தார் என்று நான் சொல்ல மாட்டேன். தெரு பார்க்கிறது என்று திறந்தார். ஜெயசீலிக்கு அந்த வித்தியாசம் தேவைப்படவில்லை. எழுந்து ஓடினாள்.

மணி மூன்றே முக்கால்.

தங்கவேல் குனிந்து மைக்கைப் பார்த்தார். "அய்யய்யோ, ஆன்ல கீது!" என்று அணைத்தார். இதை என் இரண்டு காதாலும் கேட்டேன்.

மறுநாளே கதை வேறு. "அந்தப் பொண்ணு அழுவுது, நம்மால தாங்க முடியல. வேணும்னேதான் மைக்க ஆன்ல உட்டேன்" என்று டீக்கடையில் சொல்லிக்கொண்டிருந்தார். இரண்டு பேர் அவருக்குக் கைகூடக் கொடுத்தார்கள். சகிக்கவில்லை. ஆனால் அன்று அந்தத் தெருவில் அந்தச் சொல்லைப் பற்றி எல்லாம் தெரிந்தவள் நான் ஒருத்திதான், ஜெயசீலியைக் கேட்டுக்கு வெளியே உட்கார வைத்ததும் நான்தான் என்பதையும் எழுதாமல் விட முடியவில்லை. அவருடைய மறதி செய்த காரியத்தில் கால்பங்குகூட என் படிப்பு செய்யவில்லை.

முப்பதாம் நாள் திருப்பலிக்குப் பேனர் போட அருள்தாஸ் வந்தார். கூட ஜெயசீலி. இருவரும் பேசிக்கொண்டதாகத் தெரியவில்லை, ஆனால் ஒரே பைக்கில் வந்திருந்தார்கள். பட்டியலில் மகள், மருமகன் பெயர் இருந்தது. தங்கவேலும் ஒட்டிக்கொண்டு வந்திருந்தார், அழைக்காமலே.

"கடைசில அன்னிக்கு ஒரு வார்த்த சொன்னாரே இவரு, அதையும் போடும்மா" என்றாள் ஜெயசீலி. அருள்தாஸ் ரோட்டைப் பார்த்தபடி நின்றார். வேண்டாம் என்று சொல்லவில்லை. அவள் என் பக்கம் திரும்பி, "அதுக்கு இன்னாம்மா அர்த்தம்?" என்று கேட்டாள்.

நான் வாயைத் திறப்பதற்குள் தங்கவேல் முந்திக்கொண்டார். "நான் சொல்றேன். கண்ணீர்னா கண்ணுல வர்றது. கம்பலைன்னா மைக்குல வர்றது."

ஜாபஸ் அண்ணன் என்னைப் பார்த்தார், நான் சிரிப்பேன் என்று. ஜெயசீலி தலையை ஆட்டிக்கொண்டாள், அது சரிதான் என்பதுபோல. நான் எதையும் திருத்தவில்லை. சொல்லை அடித்துவிட்டு, லகரம் சரியாக விழுந்திருக்கிறதா என்று மட்டும் பார்த்தேன்.